தம்பி ஃபைட்டர் ஆகணும்னு நிக்கிறான், அனுப்பலாமா? (பேரணாம்பட்டிலிருந்து ஒரு கேள்வி)

2025 ஆகஸ்ட் 17, மாலை – கேள்வி

என் தம்பிக்கு இருபது வயசு. சின்ன வயசுலேர்ந்து சிலம்பம் சுத்துறான், மாவட்ட அளவுல மெடல் எல்லாம் வாங்கியிருக்கான். ஆத்து மணல்ல அந்தர் பல்டி அடிச்சு ரீல்ஸ் போடுறான். இப்போ சினிமாவுல ஃபைட்டரா சேரணும்னு ஒரே பிடிவாதம். அப்பா ஆம்பூர்ல ஷூ கம்பெனியில இருக்கார், அங்கேயே இவனுக்கும் வேலை பேசி வெச்சிருக்கார். போன மாசம் நாகப்பட்டினம் பக்கம் ஷூட்டிங்ல ஒருத்தர் இறந்துபோனதை டிவியில பார்த்ததுலேர்ந்து அம்மா இவனோட சரியாப் பேசுறதே இல்ல. சென்னையில ஒரு ஆள், பணம் கொடுத்தா ஃபைட்டர் சங்கத்துல உறுப்பினர் கார்டு வாங்கித் தர்றேன்னு சொல்றாராம். இந்த வேலையில பொழைக்க முடியுமா? நம்ம பக்கத்துலேர்ந்து யாராவது போய் நின்னிருக்காங்களா?

ஆகஸ்ட் 17, இரவு

கடைசிக் கேள்விக்கு முதல்ல பதில் சொல்றேன் தங்கச்சி. போய் நின்னிருக்காங்களாவா? உங்க ஊர்லேர்ந்து பஸ் ஏறினா அடுத்த பெரிய ஊர் குடியாத்தம். ஜூடோ ரத்னம் மாஸ்டர் அந்த ஊர்க்காரர். 1959-ல நடிகரா உள்ளே போனார், 1965-ல ‘வல்லவனுக்கு வல்லவன்’ படத்துல சண்டைப் பயிற்சியாளர் ஆனார். அப்புறம் ஆயிரத்துக்கு மேல படங்கள். ‘முரட்டுக்காளை’யில அந்த ரயில் சண்டை இருக்கே, அது அவர் கைவேலை. 2023 ஜனவரி 26-ந் தேதி குடியாத்தத்துலயே காலமானார், தொண்ணூறைத் தாண்டின வயசு. ரஜினி நேர்ல அஞ்சலி செலுத்தினார். சூப்பர் சுப்பராயன், பெப்சி விஜயன், பொன்னம்பலம் மாதிரி எத்தனையோ பேர் அவர்கிட்ட வேலை பார்த்து வந்தவங்கதான்.

நானும் குடியாத்தம் பக்கம்தான். கோடம்பாக்கத்துல பல வருஷம் ஃபைட்டரா இருந்தேன். முட்டி போனதும் ஊருக்கு வந்துட்டேன், இப்போ லுங்கி வியாபாரம். மத்த கேள்விக்கு நாளைக்கு எழுதுறேன், கடையில கணக்கு பாக்கி.

ஆகஸ்ட் 18, காலை

அந்த “பணம் கொடுத்தா கார்டு” ஆளை முதல்ல கட் பண்ணச் சொல்லு. சங்கம் வடபழனியில இருக்கு, ஒளிஞ்சுக்கினு ஒண்ணும் இல்ல. தென்னிந்திய சினிமா, டிவி சண்டை இயக்குநர்கள், சண்டைக் கலைஞர்கள் எல்லாருக்கும் ஒரே சங்கம், சினிமாத் தொழிலாளர் சம்மேளனமான ஃபெஃப்சியில ஒரு அங்கம். உறுப்பினர் ஆகப் பணம் கட்டணும்ங்கிறது உண்மை, அது சின்னத் தொகையும் இல்ல. ஆனா சங்கத்துக்குக் கட்டு, ரசீது வாங்கு. டீக்கடையில வெச்சுக் கொடுக்கிற பணத்துக்கு ரசீதும் கிடையாது, கார்டும் கிடையாது.

பணம் மட்டும் பத்தாது. என்ன தெரியும்னு செஞ்சு காட்டணும். சிலம்பம் தெரிஞ்சா நல்லது. ஜிம்னாஸ்டிக்ஸ் தெரிஞ்சா இன்னும் நல்லது. நீச்சல் தெரியலன்னா இப்பவே கிணத்துல இறங்கச் சொல்லு. குதிரை, பைக், கார் எது ஓட்டத் தெரிஞ்சாலும் அது சோறு.

ஆகஸ்ட் 18, மதியம்

காட்பாடி நண்பர் கேட்டிருக்கார்: “ஹீரோ அடிச்சா நெஜமாவே வலிக்குமா?”

டைமிங் இருக்கிற ஹீரோ அடிச்சா வலிக்காது. டைமிங் இல்லாத ஹீரோ அடிச்சா பல்லு போகும். அப்புறம் அவரே பழச்சாறு வாங்கி அனுப்புவார், பல்லு இல்லாம குடிக்க வசதியா.

ஆகஸ்ட் 20, இரவு

இன்னைக்கு விவரமா எழுதுறேன். தம்பியைப் பக்கத்துல உட்கார வெச்சுப் படிச்சுக் காட்டு.

சிலம்பக்காரன், கராத்தேக்காரன் எல்லாரும் முதல் நாள் ஒரே மாதிரிதான் வர்றாங்க. என் கை எவ்ளோ வேகம் பாருன்னு வீசிக் காட்டுவாங்க. மாஸ்டர் அதை ஒரு பார்வை பார்த்துட்டு, “சரி, இப்போ அவன் உன்னை அடிக்கிறான், விழு”ம்பார். அங்கதான் தெரியும். அடிக்கிறது ஹீரோ வேலை. ஃபைட்டருக்குக் கூலி, வாங்குறதுக்கு. நாங்க அதை ரியாக்‌ஷன்னு சொல்லுவோம். ஹீரோ கை முகத்துக்கு ஒரு சாண் தள்ளித்தான் போகும். கேமராவை அவர் தோளுக்குப் பின்னாடி, கையும் முகமும் ஒரே நேர்க்கோட்டுல வர்ற மாதிரி வெச்சா, நடுவுல இருக்கிற சாண் கண்ணுக்குத் தெரியாது. தூரத்துலேர்ந்து நீள லென்ஸ் போட்டு எடுத்தா இன்னும் ஒட்டிக்கும். ஆனா தலை திரும்புற நொடி தப்பினா எந்த லென்ஸும் காப்பாத்தாது. அடி போன பிறகு தலை திரும்பினா ஜனங்க சிரிப்பாங்க, முந்தித் திரும்பினா அதுக்கும் சிரிப்பாங்க.

வேகத்துக்கு வேற வழி இருக்கு. நொடிக்கு 24 ஃப்ரேம் ஓட வேண்டிய படத்தை 20 ஃப்ரேம்ல எடுத்தா, திரையில அதே சண்டை ஐந்துல ஒரு பங்கு வேகம் கூடித் தெரியும். பழைய சண்டைக் காட்சியில சட்டை நுனி படபடன்னு அடிக்குதே, அந்த மாயம் இதுதான். அதனால தம்பி கை வேகத்தைப் பத்தி யாரும் கவலைப்பட மாட்டாங்க.

கவலைப்படுறது விழுறதைப் பத்தி.

நான் போன புதுசுல மாசக்கணக்கா என் வேலை அட்டைப்பெட்டி அடுக்குறது. மாடியிலேர்ந்து ஒருத்தர் குதிக்கிறார்னா கீழே வெத்து அட்டைப்பெட்டி. மடிப்புல டேப் ஒட்டக் கூடாது. ஒட்டினா உள்ளே காத்து அடைபட்டு, பெட்டி நசுங்காம எதிர்த்துத் தள்ளும். பெட்டிக்கும் பெட்டிக்கும் நடுவுல சந்து விடக் கூடாது, விட்டா ஒரு கால் அதுல இறங்கிடும். வரிசை மேல வரிசை. சுத்தியும் கயிறு, இல்லன்னா மேல ஆள் விழுந்ததும் குவியல் நாலா பக்கமும் விலகிடும். அதுக்கு மேல மெத்தை, மெத்தைக்கு மேல கேமராவுக்குத் தெரியாம இருக்க ஒரு துணி. ஒரு தடவை குதிச்சு முடிச்சதும் நசுங்கின பெட்டி எல்லாத்தையும் மாத்தணும். “இன்னொரு டேக்”னு டைரக்டர் கத்துவார், வெளிச்சம் போவுதும்பார், மேனேஜர் வாட்சைக் காட்டுவார். அந்த நேரத்துல “பத்து நிமிஷம் இருங்க சார், அட்டை மாத்தணும்”னு சொல்ற ஆளு இருக்காரே, அவர்தான் என்னைப் பொறுத்தவரைக்கும் செட்டுலேயே பெரிய மனுஷன். குதிக்கிறவன் இல்ல.

கணக்கு போட்டுப் பாரு. இருபது அடியிலேர்ந்து விழுந்தா ஒரு நொடி சொச்சம், கீழே தொடும்போது மணிக்கு 39 கிலோமீட்டர் வேகம். முப்பது அடின்னா 48. அந்த வேகத்தை எவ்ளோ ஆழத்துல நிறுத்துறோம்ங்கிறதுதான் உசுரு. இருபது அடி விழுந்ததை மூணடி அட்டை மெதுவா வாங்கினா, உடம்பு மேல அதன் எடையைப் போல ஏழெட்டு மடங்கு பாரம், தாங்கிக்கலாம். அதையே நாலு விரக்கடை மெத்தை மட்டும் வாங்கினா எண்பது மடங்கு. ஆள் அவ்ளோதான். உயரம் ரெண்டு மடங்கானா வேகம் ஒண்ணரை மடங்குகூட ஆவுறதில்ல, ஆனா அடியில வேண்டிய ஆழம் ரெண்டு மடங்கு. இது தெரியாதவன்தான் “போன படத்துல குதிச்சேன், இப்போ ஒரு மாடி கூட, அவ்ளோதானே”ம்பான்.

விழும்போது காலை ஊனக் கூடாது. ஊனினா சொந்த முட்டியே தாடையில வந்து இடிக்கும். முதுகைப் பரப்பி, மோவாயை நெஞ்சுல ஒட்டி, மூச்சை விட்டுக்கினே விழணும். ஆத்து மணல்ல பல்டி அடிக்கிறவனுக்குக் காலை ஊனி நிக்கிறதுதான் பெருமை. அந்தப் பழக்கத்தை விடவே உங்க தம்பிக்கு நாளாகும்.

ஆகஸ்ட் 21, காலை

ராத்திரி எழுதினதைத் திரும்பப் படிச்சேன். அட்டை அடுக்குறதுதான் பெரிய வேலைன்னு சொல்லிட்டேன், தம்பி அதைக் கேட்டு முகம் சுருங்கினான்னு தங்கச்சி எழுதியிருக்கு. சுருங்கட்டும். மேல நின்னுக்கினு கீழே பார்த்தா அடுக்கு சரியா இருக்கா இல்லையான்னு தானே தெரியணும். அடுக்கின கைக்குத்தான் அந்தக் கண்ணு வரும்.

ஆகஸ்ட் 23

ஆற்காடு நண்பர் ஒருத்தர்: “இப்போ எல்லாம் ரோப், கிராபிக்ஸ். பச்சைத் துணி முன்னாடி குதிக்கிறாங்க. ஆபத்து எல்லாம் அந்தக் காலம்.”

பாதி சரி. கயிறு வந்ததால பத்தடி குதிக்கிறவன் நாப்பதடி பறக்கிறான். கம்பியைக் கம்ப்யூட்டர்ல அழிச்சுடலாம்ங்கிறதால தடிமனான கம்பி போடவும் முடியுது. முன்னாடி எல்லாம் கேமராவுல தெரியக் கூடாதுன்னு மெல்லிசா போடுவாங்க, அதுதான் பயம். அந்த வகையில நல்ல மாத்தம்.

ஆனா கயித்தோட மறுமுனையில மனுஷன் இருக்கான். இழுக்கிற நாலு பேர்ல ஒருத்தன் நொடி முந்தினா மேல தொங்குறவன் சுவத்துல போய் மோதுவான். முதுகெலும்பு ஒடிஞ்சு படுத்தவங்களை நான் பார்த்திருக்கேன், அவங்க கயித்துல தொங்கினவங்கதான்.

ஆபத்து அந்தக் காலம்னு சொல்றீங்க, வருஷத்தைப் பாருங்க. 2016 நவம்பர்ல பெங்களூரு பக்கத்து நீர்த்தேக்கத்துல கன்னடப் பட ஷூட்டிங், ஹெலிகாப்டர்லேர்ந்து தண்ணியில குதிச்ச ரெண்டு பேர் மேல வரவே இல்ல. உயிர் காக்கும் ஜாக்கெட் போடல. 2024 ஜூலையில சென்னையில ஒருத்தர் இருபது அடி உயரத்துலேர்ந்து விழுந்து போயிட்டார். மேல கணக்குப் போட்ட அதே இருபது அடி. 2025 ஜூலையில நாகப்பட்டினம் மாவட்டத்துல, கார் சரிவுப் பலகை ஏறிக் கவிழுற காட்சி. அந்த மனுஷன் வருஷக்கணக்கா கார் கவிழ்த்தவர், கத்துக்குட்டி இல்ல. தங்கச்சி, உங்க அம்மா டிவியில பார்த்தது அவரைத்தான்.

கார் கவிழுறதுல உள்ளே இரும்புக் கூண்டு, அஞ்சு முனை பெல்ட்டு, கழுத்துக் காப்பு, டேங்குல சொட்டு பெட்ரோல் மட்டும், எல்லாம் வெச்சாலும் கார் எந்தப் பக்கம் விழும்ங்கிறது கடைசி நொடி வரைக்கும் காருக்கே தெரியாது. நான் அதுல ஏறினது இல்ல. கேட்டாங்க, முடியாதுன்னுட்டேன். அதுக்கப்புறம் அந்த மாஸ்டர் கூப்பிடுறது குறைஞ்சுது. குறையட்டும்னு விட்டேன்.

ஆகஸ்ட் 24

இன்னொருத்தர் 2020 பிப்ரவரி விபத்தையும் இதுல சேர்க்கணும்னு சொல்றார். பூந்தமல்லி பக்கம் மூணு பேர் இறந்ததே, அது. அது சண்டைக் காட்சி இல்லீங்க. லைட் தூக்கின கிரேன் சாய்ஞ்சது, போனது உதவி இயக்குநர், கலைத்துறை, தயாரிப்பு ஆளுங்க. அதனால இந்தக் கணக்குல வராது. ஆனா ஒண்ணு, ஷூட்டிங் ஸ்பாட்ல சும்மா நிக்கிறவனுக்கும் காப்பு கிடையாதுங்கிறதுக்கு அதை வெச்சுக்கலாம்.

ஆகஸ்ட் 30, இரவு

காசு பத்தி நாலு பேர் கேட்டுட்டாங்க. ரேட்டை இங்க எழுத மாட்டேன், நான் விட்டு வந்து வருஷமாச்சு, பேச்சுவார்த்தைக்கு ஏத்த மாதிரி மாறும். அமைப்பை மட்டும் சொல்றேன்.

கால்ஷீட் கணக்கு. நாள் கூலி, பேட்டா. ரிஸ்க் ஷாட்டுக்குத் தனியாப் பேசிக்கணும், ஷாட்டுக்கு முன்னாடியே. முடிஞ்சப்புறம் பேசினா, “அட, நல்லாத்தானே இருக்க”ம்பாங்க. ஒரு மாசம் வரிசையா வேலை இருக்கும், அடுத்த மாசம் போனே அடிக்காது. பெரிய படத்துல கிளைமாக்ஸ் சண்டை வந்தா ஐம்பது பேர் வேணும், சின்னப் படத்துல ஆறு பேர். மாஸ்டர் யாரைக் கூப்பிடுறாரோ அவனுக்குத்தான் வேலை. அதனால எல்லாரும் ஒரு மாஸ்டர் குழுவுல ஒட்டிக்குவாங்க. அதுலேயே அசிஸ்டென்ட் ஆகி, கடைசியில தானே மாஸ்டர் ஆனா பொழைச்சான். எல்லாரும் ஆக முடியாது. நாப்பது வயசு தாண்டினா உடம்பு ஒத்துக்காது, மாஸ்டரும் ஆகலன்னா அப்புறம் அடியாள் கூட்டத்துல பின்வரிசையில அருவா பிடிச்சு நிக்கிறதுதான்.

டூப் போடுறது தனிக் கணக்கு. உயரமும் தோளும் ஹீரோ மாதிரி இருந்தா அதிர்ஷ்டம். அந்த ஹீரோ ஓடுற வரைக்கும் உனக்கும் ஓடும். ஒல்லியா, குட்டையா இருந்தவங்களுக்கு வேற ஒண்ணு காத்திருக்கும்: விக் வெச்சு, புடவை கட்டிக்கினு ஹீரோயினுக்கு டூப். மீசையை எடுக்கச் சொல்லுவாங்க. நானும் போட்டிருக்கேன், படம் பேரைச் சொல்ல மாட்டேன். இப்போ பொண்ணுங்களே வந்து செய்யறாங்க. எங்க மீசைக்கு அது விடுதலை, அவங்களுக்கு வேலை.

பேர்? டூப் போட்டவன் பேர் எங்கேயும் வராது, வரக் கூடாதுன்னுதான் ஏற்பாடே. எங்க ஊர்ல ஒரு படம் ஓடினப்போ சித்தி தியேட்டருக்குப் போய் என்னைத் தேடிக் கண்டுபிடிச்சுது. வீட்டுக்கு வந்து ஒரே சண்டை: “ஏண்டா, அத்தினி பேர் எதிர்ல அந்தாளு உன்னை உதைக்கிறான், நீ இன்னா பார்த்துக்கினு கீற? திருப்பி ஒண்ணு குடுக்கக் கூடாது?” அதுதான் எனக்குக் கிடைச்ச ஒரே விமர்சனம்.

விருது விஷயமும் மெதுவாத்தான் வந்துது. தேசிய விருதுல சண்டைக்குன்னு தனிப் பிரிவு 2017-லதான் வந்துது. முதல் விருது நம்ம பீட்டர் ஹெய்னுக்கு, ஒரு மலையாளப் படத்துக்கு. அவரும் ஃபைட்டரா இருந்து மேல வந்தவர்தான். ஆஸ்கர்காரங்க 2027-ல வர்ற படங்களுக்கு, 2028 விழாவுலேர்ந்து கொடுக்கப் போறோம்னு இப்பத்தான் அறிவிச்சிருக்காங்க. அவங்களுக்கு இது நூறாவது விழா. நூறு வருஷமா குதிச்சவங்களை இப்பத்தான் நிமிர்ந்து பார்க்கிறாங்க.

செப்டம்பர் 2

விருது பத்தி எழுதினதுல ஒரு மறுயோசனை. விருது வேணும்தான், மாஸ்டருங்க அதுக்காகப் பல வருஷம் கேட்டாங்க, நியாயம். ஆனா விருது கூடக் கூட, “இதுவரைக்கும் யாரும் செய்யாத ஷாட்”னு ஒரு பேச்சு வரும். அந்தப் பேச்சு எனக்குப் பிடிக்கல. யாரும் செய்யாததுக்குச் சில சமயம் காரணம் இருக்கும்.

செப்டம்பர் 7

தடம் மாறிப் போறேன், மன்னிச்சுக்குங்க. ஆரணிக்காரர் ஒருத்தர், “சிலம்பத்தை விட சினிமாவுக்குப் பக்கம் கூத்துதான்”னு ஒரு வரி போட்டார். ரெண்டு நாளா அதையே நினைச்சுக்கினு இருந்தேன். உண்மை!

நம்ம பக்கம் திரௌபதி அம்மன் கோயில்ல பாரதம் நடக்கும்ல, கடைசி நாள் படுகளம். மண்ணுல துரியோதனனை மல்லாக்கப் படுக்க வெச்சுப் பெருசா செஞ்சிருப்பாங்க. பீமன் வேஷக்காரரும் துரியோதனன் வேஷக்காரரும் அதைச் சுத்தி, அது மேல ஏறி, ஒருத்தரை ஒருத்தர் துரத்துவாங்க. ராத்திரி முழுக்கக் கூத்து ஆடின உடம்பு, காலை வெயில், தலையில கிரீடம், தோள்ல கட்டை, கையில கதாயுதம். சுத்தி ஆயிரம் பேர், குழந்தைங்க காலுக்கு நடுவுல. அடி ஒண்ணுகூட மேல படாது. ஆனா பார்க்கிற கிழவி மார்ல அடிச்சுக்கினு அழுவும். கேமரா கோணம் இல்ல, லென்ஸ் இல்ல, எல்லா பக்கமும் ஜனம். எங்க மாஸ்டர் ஒருத்தரை ஒரு தடவை ஊருக்குக் கூட்டியாந்து காட்டினேன். பீமன் கதையை ஓங்கி நிறுத்துற இடத்தைப் பார்த்துட்டு, “இவரை ஸ்டூடியோவுக்கு அனுப்பினா பாதிப் பசங்க வீட்டுக்குப் போகணும்”னார்.

சிலம்பத்துல கம்பு எதிராளி மேல தொட்டாத்தான் புள்ளி. தொடாம நிறுத்துறது அங்க தோல்வி. தம்பி மெடல் வாங்கின கையை மறக்கணும்னா நேரா கூத்து வாத்தியார்கிட்ட போகச் சொல்லு. காசும் கேட்க மாட்டார், முகத்துல அரிதாரம் வேணா பூசி விடுவார்.

செப்டம்பர் 8

“அப்போ கூத்துக்காரங்களை சினிமாவுக்குக் கூப்பிடுறாங்களா?”ன்னு ஒருத்தர் கேட்டிருக்கார். இல்ல நண்பரே, யாரும் கூப்பிடல. அவங்கள்ல சங்கக் கார்டு யார்கிட்ட இருக்கு?

செப்டம்பர் 19

தீ ஷாட் பத்திக் கேட்டவருக்கு: உள்ளே நனைச்ச பருத்தித் துணி ரெண்டு மூணு அடுக்கு, மேல ஜெல், அதுக்கும் மேல சட்டை, அந்தச் சட்டையிலதான் தீ. நைலான் நூல் ஒண்ணுகூட உடம்புல இருக்கக் கூடாது, உருகித் தோல்ல ஒட்டிக்கும். முக்கியமானது மூச்சு. தீ பிடிச்ச நொடியிலேர்ந்து அணைக்கிற வரைக்கும் மூச்சை உள்ளே இழுக்கக் கூடாது. இழுத்தா வெளியே ஒண்ணும் ஆகாம உள்ளே வெந்துடும். கூட ஈரச் சாக்கோட நிக்கிறவன் ரெண்டு பேரு. அவங்க யாருன்னு நான் பார்த்துத்தான் சரின்னு சொல்லுவேன். நேத்து சண்டை போட்டுக்கினவன் கையில சாக்கு இருந்தா வேற ஆளைக் கேட்பேன். சிரிக்காதீங்க, நெஜமாத்தான்.

கண்ணாடி உடைக்கிறதும் இப்படித்தான். படத்துல பார்க்கிறது ரெசின்ல ஊத்தின கண்ணாடி, தட்டினா நொறுங்கும், கிழிக்காது. செலவைப் பார்த்துட்டு “ஒரே ஒரு நிஜக் கண்ணாடி போட்டுக்கலாமா”ன்னு கேட்கிற தயாரிப்பு ஆளுங்க இருக்காங்க. கேட்கிறவர் குதிக்கப் போறதில்ல.

2026 ஜனவரி 21

ரொம்ப நாள் ஆச்சு. இந்தக் கேள்வி-பதில் இழை தூங்கிடுச்சுன்னு நினைச்சேன். தங்கச்சி எழுதியிருக்கு, தம்பி பொங்கலுக்கு மாடு விடுற தெருவுல முன்னாடி போய் நின்னு வீடியோ எடுத்தானாம், மாடு இடுப்புல தள்ளி விட்டுட்டுப் போச்சாம், சிராய்ப்புதானாம்.

ஏம்பா, உனக்கு அறிவு கீதா? நம்ம ஊரு மாடு விடுறது மதுரைப் பக்கம் மாதிரி திமில் பிடிக்கிறது இல்ல. இங்க மாடு ஓடுற நேரத்துக்குத்தான் பரிசு. மாடு உன்னைக் குத்த வரல, அது பாட்டுக்கு ஓடுது, வழியில நீ கீற. (மேல ஒருத்தர் இதை ஜல்லிக்கட்டுன்னு எழுதியிருக்கார். எங்க பக்கம் இது காளை விடும் விழா, எருது விடும் விழாம்பாங்க. ரெண்டும் வேற ஆட்டம்.) ஃபைட்டரா வரணும்னு நினைக்கிறவன் உடம்பு அவன் கடை முதல். ஓசி வீடியோவுக்குக் கடையைக் கொளுத்துவியா? இடுப்பு எலும்புல ஒரு விரிசல் விழுந்திருந்தா சங்கத்துல செஞ்சு காட்டுற அன்னைக்கு ஒரு கரணம்கூட அடிக்க முடியாது.

மத்தவங்க எல்லாம் “தைரியமான பையன்”னு பாராட்டி எழுதியிருக்கீங்க. தைரியம்னு நீங்க சொல்றதை வெச்சுக்கினு செட்டுக்கு வர்ற பசங்களைத்தான் மாஸ்டருங்க முதல்ல திருப்பி அனுப்புவாங்க. பயந்தவன் அட்டையை ரெண்டு தடவை பார்ப்பான்.

ஜனவரி 22

கொஞ்சம் கோவமா எழுதிட்டேன்னு தங்கச்சிக்கு வருத்தம். கோவம் இருக்கட்டும்மா, நான் அழிக்கப் போறதில்ல.

ஜனவரி 27

நேத்து ரத்னம் மாஸ்டர் நினைவு நாள். ஒரு நண்பர், “அவருக்கு ஊர்ல ஏன் ஒரு பயிற்சிக் கூடம் இல்ல?”ன்னு கேட்டிருக்கார். நல்ல கேள்வி, ஆனா என்கிட்ட கேட்டா என்ன செய்ய. இடம் யாராவது கொடுத்தா அட்டை நான் தர்றேன். லுங்கி பண்டல் வர்ற பெட்டி கடையில மாடி வரைக்கும் கிடக்கு.

அதுக்குள்ள மூணு பேர் “நான் வரேன்”னு போட்டுட்டாங்க. பசங்களா, பொறுங்க, நான் பெட்டிதான் தர்றேன்னேன்.

பிப்ரவரி 8

தங்கச்சியோட அப்பாவே எழுதியிருக்கார். சந்தோஷம் ஐயா. நீங்க கேட்டது நேரான கேள்வி: “ஷூ கம்பெனி வேலையை விட்டுட்டுப் போனா, இது நிக்கலன்னா என்ன?”

விட வேணாம் ஐயா. ஒரு வருஷம் ஆம்பூர்ல வேலை பார்க்கட்டும். சம்பளத்துல சங்கத்துக்குக் கட்டுற பணத்தை அவனே சேர்க்கட்டும், நீங்க கடன் வாங்காதீங்க. சாயங்காலம் ஜிம்னாஸ்டிக்ஸ், ஞாயித்துக்கிழமை நீச்சல். நடுவுல ஒரு நாள் ஏலகிரி எக்ஸ்பிரஸ்ல ஏறி வடபழனிக்குப் போய், சங்கத்துலேயே நேரா விசாரிச்சுட்டு வரட்டும், கூட நீங்களும் போங்க. கார்டு கிடைச்சு, ஒரு மாஸ்டர் குழுவுல சேர்ந்தப்புறமும் தையல் மெஷின் பழக்கத்தை விடக் கூடாது. வேலை இல்லாத மாசத்துல வாடகைக்கு அதுதான். எனக்கு அப்படி ஒண்ணு கையில இருந்திருந்தா முட்டி போனப்போ இவ்ளோ அல்லாடியிருக்க மாட்டேன்.

இன்னொண்ணு. ஒரு ஷாட்டுக்கு “முடியாது”ன்னு சொல்லிட்டு வீட்டுக்கு வந்தான்னா, அன்னைக்குக் கூலி போச்சேன்னு நீங்களும் அம்மாவும் ஒரு வார்த்தை கேட்கக் கூடாது. அதுக்கு ஒத்துக்கறீங்களா, முதல்ல அதைச் சொல்லுங்க. மாஸ்டர் ஒருத்தர் நம்பரை அப்புறம் தர்றேன்.